சஸ்பென்ஷன் ஆணை வந்துவிட்டது: காத்திருப்பதா, மேல்முறையீடா, தீர்ப்பாயமா?

பணியிடை நீக்க ஆணை பெரும்பாலும் அரைப் பக்கம்தான் இருக்கும். ஒழுங்கு நடவடிக்கை உத்தேசிக்கப்பட்டுள்ளது, ஆகவே இவர் உடனடியாகப் பணியிடை நீக்கம் செய்யப்படுகிறார், இன்ன ஊர் இவரது தலைமையிடம், அனுமதியின்றி அங்கிருந்து வெளியேறக் கூடாது. அவ்வளவுதான். என்ன செய்தார், எப்போது செய்தார், யார் புகார் கொடுத்தார்கள் என்று ஒரு வரி இருக்காது. அன்றிரவே உட்கார்ந்து 'நான் நிரபராதி' என்று பத்துப் பக்கம் எழுதத் தோன்றும். சங்கத்துக்காரர் 'உடனே கேஸ் போடு' என்பார். ஓய்வுபெறப் போகும் மூத்தவர் 'பேசாமல் இரு, மூணு மாசத்தில் தானா எடுத்துடுவாங்க' என்பார்.

கேஸ் போடுவதும் காத்திருப்பதும் சில நேரம் சரி, சில நேரம் பெருந்தவறு. பத்துப் பக்கக் கடிதம் எந்த நேரத்திலும் வீண். சஸ்பென்ஷன் தண்டனை அல்ல. மத்தியக் குடிமைப் பணிகள் (வகைப்பாடு, கட்டுப்பாடு, மேல்முறையீடு) விதிகள் 1965-ல் தண்டனைகளை அடுக்கும் விதி 11-ல் அதற்கு இடமில்லை. ஆகவே அந்தக் கட்டத்தில் குற்றம் நடந்ததா இல்லையா என்று யாரும் தீர்மானிக்கப் போவதில்லை. கேட்கப்படும் கேள்விகள் மூன்று: ஆணை போட்டவருக்கு அதிகாரம் இருந்ததா, காலக்கெடு தவறியதா, இவரை இன்னும் வெளியே வைத்திருக்க என்ன தேவை? கடிதத்தில் கொட்டும் விளக்கமெல்லாம் இதில் எதற்கும் பதில் ஆகாது. குற்றச்சாட்டுக் குறிப்பாணை (சார்ஜ் மெமோ) தயாரிப்பவருக்கு வேண்டுமானால் நல்ல குறிப்பாக உதவும்.

இங்கே சொல்லப்படுவது முதன்மையாக 1965 விதிகளுக்கு உட்பட்ட மத்திய அரசுக் குடிமைப் பணியாளர்களுக்கு: அஞ்சல், வருமான வரி, சுங்கம், தணிக்கை போன்ற துறையினர். ரயில்வேக்கு 1968-ல் வந்த தனி விதிகள் உண்டு. தமிழக அரசு ஊழியரின் நிலை பல இடங்களில் வேறு. அதைப் பிறகு பார்ப்போம்.

ஆணையில் முதலில் பார்க்க வேண்டியவை

கையெழுத்துப் போட்டவர் யார்? நியமன அதிகாரி, அவருக்கு மேலே உள்ளவர், ஒழுங்கு நடவடிக்கை அதிகாரி, அல்லது குடியரசுத் தலைவரால் அதிகாரம் அளிக்கப்பட்டவர். இவர்களில் ஒருவராக இருக்க வேண்டும். நியமன அதிகாரிக்குக் கீழே உள்ளவர் போட்டிருந்தால், சூழ்நிலையை அவர் உடனே நியமன அதிகாரிக்குத் தெரிவித்திருக்க வேண்டும். பொறுப்பு அதிகாரி ஒருவர் அவசரமாகக் கையெழுத்திட்ட ஆணைகளில் சிக்கல் இங்கேதான் இருக்கும்.

எந்தப் பிரிவு? 1965 விதிகளில் விதி 10(1)(அ) என்றால் துறை நடவடிக்கை உத்தேசிக்கப்பட்டது அல்லது நிலுவையில் உள்ளது. 10(1)(ஆ) என்றால் குற்ற வழக்கு புலனாய்விலோ விசாரணையிலோ உள்ளது. 10(2) என்றால் கைதின் காரணமாகத் தானாக நிகழ்ந்த சஸ்பென்ஷன். மூன்றுக்கும் கணக்கு வேறு.

எந்தத் தேதியிலிருந்து அமல்? ஆணையின் தேதி, அமலுக்கு வந்த தேதி, கையில் கிடைத்த தேதி என்று மூன்று தேதிகள் உண்டு. உறையைக்கூடத் தூக்கிப் போட வேண்டாம். சஸ்பென்ஷனை மறுபரிசீலனை செய்வதற்கான 90 நாள் கணக்கு அமலுக்கு வந்த தேதியிலிருந்து ஓடும். மேல்முறையீட்டுக்கான 45 நாள் நகல் கையில் கிடைத்த நாளிலிருந்து ஓடும்.

எவ்வளவு காலம் தாங்கும்?

வழியைத் தேர்ந்தெடுப்பதில் சட்டத்துக்குச் சமமான பங்கு வீட்டுச் செலவுக்கும் உண்டு. முதல் மூன்று மாதங்களுக்கு, அரைச் சம்பள விடுப்பில் என்ன கிடைக்குமோ அந்த அளவு பிழைப்பூதியம் (சஸ்பென்ஷன் காலத்தில் சம்பளத்துக்குப் பதிலாகத் தரும் தொகை). அந்தத் தொகைக்கு உரிய அகவிலைப்படி அதோடு சேரும். அடிப்படைச் சம்பளம் 44,900 ரூபாய் என்றால் பிழைப்பூதியம் 22,450. மூன்று மாதம் கடந்ததும், அரசு ஊழியரின் சம்பளம், விடுப்பு பற்றிய 'அடிப்படை விதிகள்' என்ற தொகுப்பில் உள்ள விதி 53-ன்படி அதை மறுபரிசீலனை செய்ய வேண்டும். தாமதத்துக்கு ஊழியர் காரணமில்லை என்றால் அந்த 22,450-ல் 50 சதவீதம் வரை கூட்டலாம். அப்போது 33,675 ஆகும். அவரே இழுத்தடிக்கிறார் என்றால் 50 சதவீதம் வரை குறைக்கலாம், 11,225 ஆகிவிடும். '50-லிருந்து 75' என்று வாய்வழக்கில் சொல்வது இந்தக் கூட்டலைத்தான். அது தானாக நடப்பதில்லை, ஆணை வேண்டும். மூன்றாவது மாதக் கடைசியில் ஒரு பக்கத்தில் விண்ணப்பம் கொடுக்காவிட்டால் கோப்பு நகராமல் கிடக்கும். குறிப்பாணைக்குப் பதில் சொல்ல இரண்டு முறை அவகாசம் வாங்கியிருந்தால் 'தாமதம் இவரால்தான்' என்று எழுத இடம் கொடுத்ததாகிவிடும்.

மாதந்தோறும் 'வேறு வேலை, தொழில், வியாபாரம் எதிலும் ஈடுபடவில்லை' என்ற சான்றைக் கொடுத்தால்தான் பிழைப்பூதியம் வரும். கோபத்தில் இதைக் கொடுக்காமல் விடுகிறவர்கள் உண்டு. சம்பளப் பிரிவுக்கு அதைவிட நல்ல சாக்கு வேண்டியதில்லை. சான்றைக் கொடுத்தும் பிழைப்பூதியம் வரவில்லை என்றால் அது பின்னாளில் பெரிய ஆயுதம். கோலார் தங்கச் சுரங்க நிறுவனத்தின் பாதுகாப்பு அதிகாரி பால் ஆண்டனி வழக்கில், பிழைப்பூதியம் தரப்படாததால் கேரளத்திலிருந்து விசாரணைக்கு வரக் காசில்லாமல் போனது. அவர் இல்லாமலே விசாரணை முடிந்தது. 1999-ல் உச்ச நீதிமன்றம் அந்த நடவடிக்கையே செல்லாது என்றது.

பிடித்தங்களில் மூன்று வகை. வருமான வரி, அரசுக் குடியிருப்பு வாடகை, அரசிடம் வாங்கிய கடன் தவணை, மத்திய அரசு சுகாதாரத் திட்டச் சந்தா, குழுக் காப்பீடு ஆகியவை கட்டாயம். அஞ்சல் ஆயுள் காப்பீட்டு பிரீமியம், கூட்டுறவு சங்கக் கடன், வைப்பு நிதி முன்பணத் தவணை ஆகியவற்றை ஊழியர் எழுதிக் கொடுத்தால்தான் பிடிக்கலாம். பொது வைப்பு நிதிச் சந்தா, நீதிமன்ற ஜப்தி, அரசுக்கு ஏற்பட்ட நட்டம் ஆகியவற்றைப் பிடிக்கவே கூடாது. முதல் மாதச் சீட்டில் இதைச் சரிபார்த்துக்கொண்டால் பாதிப் பதற்றம் அடங்கும்.

இந்தக் காலத்தில் விடுப்பு கிடையாது. அடிப்படை விதி 55 அதைத் தடுக்கிறது. தலைமையிடத்தை விட்டு வெளியே போக வேண்டுமானால் எழுத்தில் அனுமதி. பதவி உயர்வுக் குழு கூடினால் பெயர் பரிசீலிக்கப்படும், ஆனால் முடிவு முத்திரையிட்ட உறைக்குள் போய்விடும். இந்தக் கடைசிக் காரணத்துக்காகவே சிலர் காத்திருக்க முடியாமல் வழக்குக்கு ஓடுகிறார்கள். குறிப்பாணை கொடுக்கப்பட்டுவிட்டால் சஸ்பென்ஷன் ரத்தானாலும் உறை திறக்காது. அதைத் தெரிந்துகொண்டு ஓடுவது நல்லது.

90 நாள் வரை காத்திருத்தல்

சும்மா இருப்பது போலத் தெரிந்தாலும் மூன்று வழிகளில் இதற்குத்தான் சட்ட வலு அதிகம். 2004-ல் நடைமுறைக்கு வந்த 10(6), 10(7) உட்பிரிவுகள் சொல்வது இது: சஸ்பென்ஷன் அமலான நாளிலிருந்து 90 நாள் முடிவதற்குள், மறுபரிசீலனைக் குழுவின் பரிந்துரையைப் பெற்று, உரிய அதிகாரி நீட்டிப்பு ஆணையோ ரத்து ஆணையோ பிறப்பிக்க வேண்டும். நீட்டித்தால் ஒரு முறைக்கு 180 நாளுக்கு மேல் கூடாது. அந்த நீட்டிப்பு முடிவதற்குள் அடுத்த மறுபரிசீலனை. தவறினால் சஸ்பென்ஷன் செல்லாது.

தீபக் மாலி வழக்கில், நாள் கடந்தபின் செய்த மறுபரிசீலனை செத்துப்போன சஸ்பென்ஷனுக்கு உயிர் கொடுக்காது என்று உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. அலுவலகத் தரப்பில் எவ்வளவு நல்ல காரணம் இருந்தாலும் தப்பிய தேதி தப்பியதுதான்.

உதாரணத்துக்கு, 2025 ஜனவரி 10 முதல் சஸ்பென்ஷன் என்று வைத்துக்கொள்வோம். அந்த நாளையும் சேர்த்து எண்ணினால் ஜனவரியில் 22, பிப்ரவரியில் 28, மார்ச்சில் 31, மொத்தம் 81. 90-வது நாள் ஏப்ரல் 9. முதல் நாளை விட்டு எண்ணினால் ஏப்ரல் 10. ஒரு நாள் வித்தியாசத்தை நம்பி வழக்குக் கட்ட வேண்டாம். ஆனால் ஏப்ரல் 15 தேதியிட்ட நீட்டிப்பு ஆணை வந்தால் கணக்கு ஊழியர் பக்கம்.

தவறுவது எங்கே? மறுபரிசீலனைக் குழுவில் வேறு அலுவலகத்திலிருந்து ஒரு உறுப்பினர் வர வேண்டியிருக்கும். அவர் சுற்றுப்பயணத்தில் இருப்பார். குழு 85-வது நாளில் கூடிப் பரிந்துரைத்திருக்கும், ஆணையில் கையெழுத்து 93-வது நாளில் விழுந்திருக்கும். குழுவின் பரிந்துரை போதாது. உரிய அதிகாரியின் ஆணை வேண்டும். இரண்டாவது, மூன்றாவது நீட்டிப்பில்தான் இந்தத் தவறு அதிகம் நடக்கிறது, ஏனென்றால் கோப்பைக் கவனித்த எழுத்தர் அதற்குள் மாற்றலாகிப் போயிருப்பார். ஆகவே காலக்கெடு நெருங்கும் நேரத்தில் 'என் மறுபரிசீலனை என்ன ஆயிற்று' என்று கடிதம் போட்டு அலுவலகத்துக்கு நினைவூட்டுவதைப் போன்ற அறியாமை வேறில்லை. நாள் கடந்தபின் கேட்கலாம். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் குழுவின் கூட்ட நடவடிக்கைக் குறிப்பையும் ஆணை பிறந்த தேதியையும் கேட்கலாம்; 30 நாளில் பதில் வர வேண்டும். புலனாய்வு நடக்கிறது என்று 8(1)(எச்) பிரிவைக் காட்டி மறுத்தாலும், தேதி மட்டும் கேட்ட கேள்விக்கு அந்த மறுப்பு நிற்பது கடினம்.

இன்னொரு 90 நாள் கணக்கும் உண்டு. இரண்டையும் குழப்பிக்கொள்கிறவர்கள் அதிகம். 2015 பிப்ரவரி 16 அன்று அஜய் குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்றம், மூன்று மாதத்துக்குள் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கப்படாவிட்டால் சஸ்பென்ஷன் அதற்கு மேல் நீளக் கூடாது, வழங்கப்பட்டிருந்தால் நீட்டிப்புக்குக் காரணம் காட்டும் ஆணை வேண்டும் என்றது. 2016 ஆகஸ்டில் பணியாளர் துறையும் இதை ஒட்டிச் சுற்றறிக்கை விட்டது. ஆனால் அந்த வழக்கைத் தொடுத்தவருக்கே பயன் கிட்டவில்லை. 2011-லிருந்து சஸ்பென்ஷனில் இருந்த அவருக்கு, தீர்ப்பு வருவதற்குள் குறிப்பாணை வழங்கப்பட்டுவிட்டது. இன்றும் இதே கதைதான். 85-வது நாளுக்கு மேல் வீட்டுக் கதவில் தபால்காரர் வந்தால் அது குறிப்பாணையாகத்தான் இருக்கும். அவசரத்தில் தயாரித்த அந்தக் குறிப்பாணையில் ஓட்டைகள் இருக்கும் என்பது தனிச் செய்தி. சஸ்பென்ஷனைப் பொறுத்தவரை அந்த வாதம் அன்றோடு பலவீனமாகிவிடும்.

காத்திருக்கும் வழி யாருக்குப் பொருந்தும்? பிழைப்பூதியத்தில் மூன்று, நாலு மாதம் ஓட்டக்கூடியவருக்கு. அதிகாரி ஆணையிட்ட முறையில் பளிச்சென்ற தவறு எதுவும் இல்லாதவருக்கு. லஞ்சப் பொறி வழக்கு போன்ற கனமான குற்றச்சாட்டு உள்ளவருக்கு. கடைசி வகையினர் முதல் 90 நாளில் எங்கே போய் முட்டினாலும் கதவு திறப்பது அரிது. முட்டி வாங்கிய எதிர்மறை ஆணை பின்னாளில் அவர்கள் கோப்பிலேயே உட்கார்ந்திருக்கும்.

மேல்முறையீடு

விதி 23(1) சஸ்பென்ஷன் ஆணைக்கு எதிராகவே மேல்முறையீட்டு உரிமை தருகிறது. கெடு 45 நாள். ஜனவரி 10 கையில் கிடைத்தால் பிப்ரவரி 24. தாமதத்தை மன்னிக்க அதிகாரம் உண்டு, ஆனால் கெடுவுக்குள் கொடுப்பதே உத்தமம். குடியரசுத் தலைவர் பெயரில் பிறந்த ஆணைக்கு மேல்முறையீடு கிடையாது. அதற்கு முறையீட்டு மனுதான்.

குறிப்பாணை வராமல் மூன்று மாதம் கடந்தால், சஸ்பென்ஷனுக்கான காரணங்களை ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று அரசின் அறிவுரை இருக்கிறது. மேல்முறையீட்டு உரிமை வெறும் எழுத்தாகிவிடக் கூடாது என்பதற்காக வந்த ஏற்பாடு. காரணம் தெரியாமல் எதை எதிர்த்து எழுதுவது?

மேல்முறையீட்டு அதிகாரி, விதி 10-ன் வரம்புக்குள்ளும் சூழ்நிலையைக் கருதியும் இந்த சஸ்பென்ஷன் நியாயமா என்று பார்த்து, உறுதி செய்யலாம் அல்லது ரத்து செய்யலாம். ஆக மனு அந்தக் கேள்விக்கு விடை தருவதாக இருக்க வேண்டும். இரண்டு பக்கம் போதும். சம்பந்தப்பட்ட ஆவணங்கள் ஏற்கெனவே கைப்பற்றப்பட்டுவிட்டன, இன்ன தேதி மகஜர். சாட்சிகளாக இருக்கக்கூடியவர்கள் இன்ன அலுவலகத்தில் இருக்கிறார்கள், எனக்கு அங்கே தொடர்பில்லை. முதற்கட்ட விசாரணை முடிந்துவிட்டது. பொதுமக்கள் தொடர்பில்லாத எந்த இடத்துக்கும் மாற்றல் ஏற்கத் தயார். 'மேலதிகாரி பழிவாங்குகிறார்' என்ற வரி தேவையா என்று மூன்று முறை யோசிக்க வேண்டும். மரியாதைக் குறைவான சொல் மனுவில் கூடாது என்று விதி 26 சொல்கிறது. தன் பெயரில், மேல்முறையீட்டு அதிகாரிக்கு முகவரியிட்டு, ஆணை போட்டவருக்கு ஒரு நகல். சங்கத்தின் கடிதத்தாளில் கொடுத்தால் அது மேல்முறையீடே அல்ல.

இந்த வழியின் பலவீனம் வெளிப்படை. மேல்முறையீட்டு அதிகாரி அதே துறையில் ஒரு படி மேலே இருப்பவர். பல நேரம் அவரைக் கேட்டுவிட்டுத்தான் ஆணையே போட்டிருப்பார்கள். ஆறு மாதம் பதிலே வராமல் போவதும் சகஜம். அப்படியானால் எதற்கு? தீர்ப்பாயத்தின் வாசலில் நிற்கும்போது 'துறைக்குள் உள்ள வழியைப் பயன்படுத்தினீர்களா' என்ற கேள்வி வரும். நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 20-ம் பிரிவு அதைக் கேட்கிறது. செலவு ஒரு ஸ்பீட் போஸ்ட். வேறு எந்த வழியைத் தேர்ந்தாலும் 40-வது நாளுக்குள் மேல்முறையீட்டைப் போட்டு வைப்பதே எங்கள் பரிந்துரை. காத்திருக்கிறவரும் போட வேண்டும். ஒரே கவனம்: அதில் மறுபரிசீலனைக் காலக்கெடு பற்றி ஒரு சொல் கூட இருக்கக் கூடாது.

தீர்ப்பாயம்

மத்திய அரசு ஊழியர் நேரே உயர் நீதிமன்றம் போக முடியாது. 1985-ம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டப்படி முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். தமிழ்நாட்டுக்குச் சென்னை அமர்வு. அங்கே தோற்றால் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு. 1997-ல் சந்திர குமார் வழக்கில் இந்த வரிசை உறுதியாயிற்று. மனுக் கட்டணம் 50 ரூபாய்தான். செலவெல்லாம் வழக்கறிஞருக்கும் நகலெடுப்புக்கும். இறுதி ஆணையிலிருந்து ஓராண்டுக்குள் மனு போட வேண்டும்; மேல்முறையீட்டுக்கு ஆறு மாதம் பதில் இல்லை என்றால் அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டு.

எதைக் காட்டினால் வெற்றி வாய்ப்பு? பலத்தின் வரிசையில்: 90 நாள் அல்லது நீட்டித்த காலம் கடந்தும் உரிய ஆணை இல்லை. அதிகாரமில்லாதவர் போட்ட ஆணை. மூன்று மாதம் தாண்டியும் குறிப்பாணை இல்லை. முந்தைய நீட்டிப்பை வரிக்கு வரி நகலெடுத்த, யோசித்த அடையாளமே இல்லாத நீட்டிப்பு. கடைசியில், வெகு தூரத்தில், உள்நோக்கம். உள்நோக்கத்தைச் சொல்வதானால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், ஆதாரமும் வேண்டும். வெறும் சந்தேகத்தில் சேர்த்தால் மற்ற நல்ல வாதங்களும் நிறம் மங்கிவிடும்.

இரண்டாவது வாரத்தில் போட்ட மனு பெரும்பாலும், 'மனுதாரரின் முறையீட்டை இத்தனை வாரத்தில் பரிசீலிக்க' என்ற உத்தரவோடு முடிந்துவிடும். அதைத் தபால் மூலமே சாதித்திருக்கலாம். தடையாணை உடனே கிடைக்கும் என்ற எண்ணமும் வேண்டாம்; எதிர்த்தரப்புக்கு நகல் கொடுத்து அவர்களைக் கேட்ட பிறகே இடைக்கால உத்தரவு என்பது 24-ம் பிரிவின் பொது விதி. விதிவிலக்காகக் கொடுத்தாலும் அது 14 நாள் உத்தரவு.

காலக்கெடு தவறி சஸ்பென்ஷன் செத்துப்போன வழக்கில் வென்றாலும் அலுவலகம் புதிய தேதியிட்டு இன்னொரு சஸ்பென்ஷன் ஆணை போட முயலலாம். அது முன்தேதியிட்டுச் செல்லாது. இடைப்பட்ட காலத்தின் சம்பளம் ஊழியருக்குச் சேர வேண்டியது. இதை எதிர்பார்த்தே, வெற்றி கிடைத்த அன்றே வேலையில் சேர்வதற்கான கடிதத்தைத் தபால் முத்திரையோடு அனுப்பி வைத்துவிட வேண்டும்.

மாற்றலைக் கேட்டு வாங்குவது

மேலே சொன்ன மூன்றுக்கும் நடுவே ஓடும் நாலாவது வழி இது. மரியாதைக் குறைச்சல் என்று நினைத்துப் பலர் தொடுவதில்லை. சஸ்பென்ஷனுக்கு அரசுத் தரப்பு சொல்லும் காரணம் எப்போதும் ஒன்றுதான்: சாட்சியைக் கலைப்பார், ஆவணத்தைத் தொடுவார். வேறு ஊருக்கு மாற்றிவிட்டால் அந்தக் காரணம் கரைந்துவிடும். அஜய் குமார் சௌத்ரி தீர்ப்பே, மாநிலத்துக்கு உள்ளேயோ வெளியேயோ எந்த அலுவலகத்துக்கும் மாற்றித் தொடர்பைத் துண்டிக்கலாம் என்று அரசுக்கு வழி சொல்கிறது. தமிழ்நாட்டில், பாஸி நிதி மோசடி வழக்கில் குற்றம் சாட்டப்பட்ட ஐ.பி.எஸ். அதிகாரி பிரமோத் குமாரின் நீண்ட சஸ்பென்ஷனைத் தொடர்வதில் பயன் இல்லை என்று 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னபோதும், முக்கியத்துவம் இல்லாத பணியிடத்தில் அவரை வைக்க அரசுக்குச் சுதந்திரம் அளித்தது.

மறுபரிசீலனைக் குழுவில் இருப்பவர்களும் அதிகாரிகள்தான். 'ரத்து செய்தோம்' என்று எழுத அவர்களுக்குத் துணிவு வேண்டும். 'ரத்து செய்து இன்ன இடத்துக்கு மாற்றப் பரிந்துரைக்கிறோம்' என்று எழுதுவது எளிது. ஆனால் இந்தக் கடிதத்தை 90 நாள் கெடுவுக்கு முன்னால் அனுப்பினால் கோப்பை எழுப்பிவிடும். முதல் நீட்டிப்பு ஆணை உரிய காலத்தில் வந்துவிட்ட பிறகு அனுப்புவதே பொருத்தம். ஒரு வருடம் கடந்தும் குறிப்பாணையோ நீதிமன்றக் குற்றப்பத்திரிகையோ இல்லை என்றால் சாதாரணமாக மீண்டும் பணியில் சேர்க்க வேண்டும் என்ற அரசின் அறிவுரையை அந்தக் கடிதத்தில் சேர்த்துக்கொள்ளலாம். போலீஸ் காவல், கடுங்குற்றம், தேசப் பாதுகாப்பு சம்பந்தப்பட்டவை இதற்கு விலக்கு.

கைதானவர் கணக்கு வேறு

48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தால் கைதான நாளிலிருந்தே சஸ்பென்ஷனில் இருப்பதாகக் கருதப்படும். எந்த வழக்கு என்பதில்லை. குடும்பத் தகராறாக இருந்தாலும் அதேதான். கைதான செய்தியை அலுவலகத்துக்குத் தெரிவிப்பது ஊழியரின் கடமை. மறைத்தால் அதுவே தனிக் குற்றச்சாட்டு.

ஜாமீனில் வந்ததும் சஸ்பென்ஷன் தானாகப் போய்விடாது. 90 நாள் கணக்கு தொடங்குவது விடுதலையான நாளிலிருந்து, அல்லது விடுதலைச் செய்தி நியமன அதிகாரிக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து. இரண்டில் எது பிந்தியதோ அதிலிருந்து. வெட்கத்தால் மூன்று மாதம் வாய் திறக்காமல் வீட்டில் இருந்தவருக்கு மூன்று மாதமும் கணக்கில் சேராது. வெளியே வந்த மறுநாளே, ஜாமீன் உத்தரவு நகலோடு, நியமன அதிகாரியின் பெயருக்கு (பிரிவுத் தலைவருக்கு அல்ல) ஸ்பீட் போஸ்ட். ஒப்புகை பத்திரம்.

தமிழக அரசு ஊழியருக்கு

இங்கே ஆணை பிறப்பது தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின் 17(e) பிரிவில். கடுமையான குற்றச்சாட்டுகள் மீது விசாரணை உத்தேசம் அல்லது நிலுவை. அல்லது குற்றப் புகார் புலனாய்விலோ விசாரணையிலோ இருந்து பொதுநலன் கருதி அவசியமாதல். 48 மணி நேரக் கணக்கு இங்கும் உண்டு. ஆனால் 90 நாளில் தானாகச் செத்துப்போகும் 10(7) போன்ற விதி இல்லை. அஜய் குமார் சௌத்ரி தீர்ப்பை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, மூன்று மாதம் ஆயிற்று, ரத்து செய்யுங்கள் என்று வந்த வழக்குகளில் அமர்வுக்கு அமர்வு தீர்ப்பு மாறியது. 2022-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, மூன்று மாதம் கடந்த ஒரே காரணத்துக்காக சஸ்பென்ஷன் தானாக ரத்தாகாது, ஒவ்வொரு வழக்கின் உண்மைகளையும் பார்க்க வேண்டும் என்றது.

ஆகவே மத்திய ஊழியருக்குச் சொன்ன 'மௌனமாகக் காத்திரு' இவருக்குப் பொருந்தாது. நாள்காட்டி இவருக்காக வேலை செய்வதில்லை. மூன்று மாதம் முடிந்ததும் முறையீடு, பதில் இல்லை என்றால் நினைவூட்டு, பிறகு ரிட் மனு என்று கோப்பைத் தொடர்ந்து உசுப்பிக்கொண்டே இருக்க வேண்டும். மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லாததால் நேரே உயர் நீதிமன்றம். தென் மாவட்டத்தவருக்கு மதுரைக் கிளை. சஸ்பென்ஷனை ஆதரிக்கும் புதிய காரணம் எதுவும் இல்லாமல் காலம் மட்டும் ஓடுகிறது, விசாரணை நகரவில்லை, மாற்றல் போதும் என்ற மூன்றையும் சேர்த்துக் காட்டினால்தான் எடுபடும்.

மீண்டும் சேரும்போது

சஸ்பென்ஷனை ரத்து செய்யும் ஆணை கைக்கு வந்ததும் மற்றதெல்லாம் மறந்துபோகும். மகிழ்ச்சியில் யாரும் இரண்டாவது பத்தியைப் படிப்பதில்லை. சஸ்பென்ஷன் காலத்தை எப்படிக் கருதுவது என்பதை அடிப்படை விதி 54-பி-யின் கீழ் தனியாக முடிவு செய்ய வேண்டும். வழக்கு முடியாமலே ரத்தானால் 'பிறகு முடிவு செய்யப்படும்' என்று எழுதுவார்கள். அது சரிதான், முடிந்ததும் மறுபடி பார்த்தாக வேண்டும்.

சஸ்பென்ஷன் முற்றிலும் நியாயமற்றது என்று கண்டால் முழுச் சம்பளம், பணிக்காலமாகவே கருதப்படும். இல்லையென்றால் ஒரு பகுதிதான். ஆனால் கொடுத்த பிழைப்பூதியத்துக்குக் குறையக் கூடாது. பகுதியாகக் கொடுப்பதற்கு முன் அறிவிப்பு கொடுத்து ஊழியரின் பதிலைக் கேட்க வேண்டும். பதிலுக்கு அதிகபட்சம் 60 நாள். அறிவிப்பே இல்லாமல் 'பிழைப்பூதியமே போதும், பணிக்காலம் அல்ல' என்று ஒரு வரியில் முடித்த ஆணை வந்தால் அதைத் தனியாக எதிர்க்கலாம்.

பெரும் தண்டனைக்கான நடவடிக்கை தொடங்கிக் கடைசியில் கண்டனம், ஊதிய உயர்வு நிறுத்தம் போன்ற சிறு தண்டனையில் முடிந்தால், அந்த சஸ்பென்ஷன் முற்றிலும் நியாயமற்றதாகக் கருதப்பட்டு முழுச் சம்பளம் தரப்பட வேண்டும் என்று 1985 டிசம்பர் 3 தேதியிட்ட பணியாளர் துறைச் சுற்றறிக்கை சொல்கிறது. சம்பளப் பிரிவுகளில் இது தெரியாதவர்களே அதிகம். தண்டனை ஆணை கிடைத்த வாரத்திலேயே, சுற்றறிக்கையின் தேதியைக் குறிப்பிட்டு விண்ணப்பம் கொடுக்க வேண்டும். அந்தக் காலம் பணிக்காலம் அல்ல என்று முடிவானாலும், கணக்கில் இருக்கும் விடுப்பாக அதை மாற்றிக்கொள்ள ஊழியர் எழுதிக் கேட்கலாம். அதற்காகவே, சேர்ந்த முதல் வாரத்தில் தன் விடுப்புக் கணக்கில் எத்தனை நாள் ஈட்டிய விடுப்பும் அரைச் சம்பள விடுப்பும் இருக்கின்றன என்று பணிப் பதிவேட்டைப் பார்த்து நகல் எடுத்துக்கொள்ள வேண்டும்.